அமிர்தகழியிலிருந்து ஒரு படத்தொகுப்பாளர்

பாலு மகேந்திராவைப் பற்றி எழுதப்பட்டவற்றுள் பெரும்பகுதி ஒளியைப் பற்றியது. சன்னல் வழியே விழும் காலை வெயில், ஊட்டியின் பனிமூட்டம், ஒப்பனை பூசாத முகத்தின் நிறம் என்று விமர்சகர்களும் மாணவர்களும் திரும்பத் திரும்ப வியந்திருக்கிறார்கள். அந்த வியப்பு நியாயமானது. 'கோகிலா' (1977), 'மூன்றாம் பிறை' (1982) ஆகிய இரண்டு படங்களின் ஒளிப்பதிவுக்காகவும் இந்திய தேசிய விருது பெற்றவர் அவர். ஆனால் 'வீடு' தொடங்கி 'தலைமுறைகள்' வரையிலான அவருடைய முக்கியமான படங்களின் பெயர் வரிசையில் இன்னொரு பொறுப்பும் அவர் பெயரிலேயே வருகிறது. அது படத்தொகுப்பு. பெரும்பாலோர் அந்த வரியைக் கடந்து போய்விடுகிறார்கள். படத்தொகுப்புக்கென்று ஒரு தேசிய விருதும் அவருக்குக் கிடைத்ததில்லை.

என் கணிப்பில், பாலு மகேந்திரா தமிழுக்குச் செய்த ஆகச் சிறந்த வேலை எடிட்டிங் மேசையில் நடந்தது. ஒளிப்பதிவில் அவருக்கு இணை சொல்லத்தக்கவர்கள் அவர் காலத்திலேயே இருந்தார்கள். ஒரு காட்சியை எவ்வளவு நேரம் நீடிக்கவிட வேண்டும், எந்த இடத்தில் பேச்சை நிறுத்தி முகத்தை மட்டும் காட்ட வேண்டும், பாட்டும் சண்டையும் இல்லாமல் இரண்டு மணி நேரத்தை எப்படித் தாங்கவைக்க வேண்டும் என்ற தொகுப்பு அறிவில் அவருக்கு நிகராகத் தமிழில் மிகச் சிலரையே சொல்ல முடியும். அந்த அறிவு அவருக்கு எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனால் மட்டக்களப்பு வாவிக்கரைக்கும், அங்கிருந்து எதிர்பாராத விதமாகப் பிரிட்டிஷ் சினிமாவின் எடிட்டிங் அறைகளுக்கும் போய்ச் சேர்கிறோம்.

மட்டக்களப்பு நகரை அடுத்து வாவியை ஒட்டிய ஊர் அமிர்தகழி. மாமாங்கேஸ்வரர் கோயில் இருக்கும் ஊர் என்றால் கிழக்கில் எல்லோருக்கும் தெரியும். 1939 மே 20 அன்று அங்கே ஓர் ஆசிரியர் குடும்பத்தில் பிறந்தார் பின்னாளில் பாலு மகேந்திரா ஆன மகேந்திரன். படித்தது மட்டக்களப்பின் இரண்டு பெரிய பள்ளிகளில். ஒன்று, 1814இல் இங்கிலாந்திலிருந்து வந்த வெஸ்லியன் மிஷனரி வில்லியம் ஓல்ட் தொடங்கிய மெதடிஸ்ட் மத்திய கல்லூரி. மற்றது, இயேசு சபைத் துறவிகள் நடத்திய புனித மிக்கேல் கல்லூரி. கல்லடிப் பாலத்தடியில் கேட்கும் பாடும் மீன்களின் ஓசையைக் கடந்த நூற்றாண்டின் நடுவில் ஒலிப்பதிவு செய்தவரும் லாங் அடிகளார் என்ற இயேசு சபைத் துறவிதான். கருவிகளின் மேல் அக்கறை கொண்ட துறவிகள் வாழ்ந்த ஊர் அது என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

சினிமாவின்பால் தன்னை இழுத்தவர் ஒரு வகுப்பாசிரியர் என்று பாலு மகேந்திரா சொல்லியிருக்கிறார். பள்ளி நாட்களிலேயே அவர் பார்த்த இரண்டு படங்கள் ஐசன்ஸ்டைனின் 'பேட்டில்ஷிப் பொட்டெம்கின்' (1925), டி சிகாவின் 'பைசிக்கிள் தீவ்ஸ்' (1948). அவருடைய வாழ்க்கைக் குறிப்புகளில் இந்த இரண்டு பெயர்களும் ஒரே வரியில் வந்து போய்விடும். படத்தொகுப்பின் பக்கம் நின்று பார்த்தால் அவை ஒன்றுக்கொன்று நேர் எதிரானவை. ஐசன்ஸ்டைனுக்குச் சினிமா என்பதே வெட்டு. ஒரு துண்டு அடுத்த துண்டின்மேல் மோதும்போது மூன்றாவதாக ஒரு பொருள் பிறக்கிறது என்பது அவர் கோட்பாடு. ஒடெசாப் படிக்கட்டில் சிப்பாய்களின் பூட்ஸ் கால்களும், அலறும் தாயின் முகமும், உருளும் குழந்தை வண்டியும் அப்படித்தான் மோதுகின்றன. டி சிகாவோ சைக்கிளைத் தொலைத்த தகப்பனையும் மகனையும் ரோம் நகரத் தெருக்களில் நடக்கவிட்டுப் பின்தொடர்கிறார். அங்கே வெட்டு தன்னை மறைத்துக்கொண்டு அவர்களோடு நடக்கிறது. வாவிக்கரைப் பையன் ஒருவனுக்கு இந்த இரண்டு வழிகளும் ஒரே வயதில் கிடைத்தன. எந்த வழியை எடுத்துக்கொண்டான் என்பதை முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு வந்த 'வீடு' சொல்கிறது.

அடுத்தது கித்துல்கல. களனி கங்கையின் கரையில் டேவிட் லீன் 'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' படத்தை எடுத்துக்கொண்டிருந்தபோது, பள்ளிச் சுற்றுலாவில் போன மகேந்திரன் அந்தப் படப்பிடிப்பைப் பார்த்தார். இயக்குநர் மழை என்று குரல் கொடுத்ததும் மழை பெய்தது. அந்த நொடியில் தானும் இயக்குநர் ஆவது என்று முடிவெடுத்ததாக அவர் பலமுறை நினைவுகூர்ந்திருக்கிறார். இந்தக் கதை அவருக்குப் பன்னிரண்டு வயதில் நடந்ததாகப் பல இடங்களில் அச்சாகியிருக்கிறது. படப்பிடிப்பு நடந்தது 1956 இறுதியிலிருந்து 1957 வரை. 1939இல் பிறந்தவருக்கு அப்போது பதினேழு வயது இருக்க வேண்டும். வயது கூடினால் கதையின் அழகு குறையலாம், பொருள் கூடுகிறது. பள்ளி இறுதியில் நிற்கும் இளைஞன், ஏற்கெனவே நல்ல படங்களைப் பார்த்துவிட்டவன், ஒரு பெரிய இயக்குநர் வேலை செய்வதைக் கண்ணெதிரே பார்க்கிறான். வியப்போடு புரிதலும் அங்கே இருந்திருக்கும்.

அன்று மழையை வரவழைத்த அந்த ஆங்கிலேயர் அடிப்படையில் ஓர் எடிட்டர். 1908இல் குரொய்டனில் பிறந்த டேவிட் லீன் 1927இல் கோமாண்ட் ஸ்டூடியோவில் தேநீர் கொண்டுவரும் பையனாக நுழைந்தார். கிளாப் பலகை பிடித்தார், எடிட்டிங் அறைக்குள் போனார், செய்திப் படங்களைத் தொகுத்தார். செய்திப் படம் என்றால் வாரத்துக்கு இரண்டு முறை திரையரங்குக்குப் போயாக வேண்டிய சரக்கு. யோசிக்க நேரமிருக்காது, கையே யோசிக்கப் பழக வேண்டும். 'பிக்மாலியன்' (1938), 'ஃபோர்ட்டி நைன்த் பாரலல்' (1941) போன்ற படங்களைத் தொகுத்து, பிரிட்டனின் முதல்நிலை எடிட்டர் என்ற பெயரை வாங்கிய பிறகுதான் 1942இல் நோயல் கவார்டுடன் சேர்ந்து 'இன் விச் வி சர்வ்' படத்தை இயக்கினார். கடைசிப் படமான 'எ பாசேஜ் டு இந்தியா'வை (1984) எழுபது வயதைக் கடந்த நிலையிலும் தானே தொகுத்தார், அதற்காக ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றார்.

இடையில் வந்த பெரும் படங்களை லீன் வேறு எடிட்டர்களிடம் கொடுத்தார் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். குவாய் படத்துக்காகப் படத்தொகுப்பு ஆஸ்கர் வாங்கியவர் பீட்டர் டெய்லர். 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'வுக்காக (1962) வாங்கியவர் ஆன் வி. கோட்ஸ். லாரன்ஸ் தீக்குச்சியை ஊதி அணைக்க, திரை முழுவதும் பாலைவனச் சூரியன் எழும் அந்தப் புகழ்பெற்ற வெட்டு, ஒன்றில் ஒன்று கரைந்து மாறுவதாகத்தான் திரைக்கதையில் எழுதப்பட்டிருந்தது. கரைப்பு வேலை செய்வதற்கு முன் வெறும் ஒட்டாக அதைப் போட்டுப் பார்த்தபோதே அதன் வலிமை தெரிந்தது, அப்படியே விட்டுவிட்டார்கள். இயக்குநர் பக்கத்தில் எடிட்டர் என்ற இன்னொரு கண் இருப்பதன் பயன் இது. இந்தச் செய்தி பின்னால் தேவைப்படும்.

பாலு மகேந்திரா கொழும்பில் வாழ்ந்த காலத்தில் இலங்கைச் சினிமாவிலும் எடிட்டிங் அறைக்குத் தனி மதிப்பு உருவாகிக்கொண்டிருந்தது. அதன் வேரும் பிரிட்டிஷ் ஆவணப்பட மரபில்தான் இருக்கிறது. 1934இல் பேசில் ரைட் என்ற இளைஞர் இலங்கைக்கு வந்து 'சாங் ஆஃப் சிலோன்' எடுத்தார். தேயிலை விளம்பரத்துக்காக ஒதுக்கப்பட்ட பணத்தில் உருவான படம் அது. ஜான் கிரியர்சன் தயாரித்தார். இயக்கம், ஒளிப்பதிவு, தொகுப்பு மூன்றும் ரைட்டே. கொழும்புப் புகைப்படக் கலைஞர் லயனல் வெண்ட் வர்ணனைக் குரல் கொடுத்தார். ஒரே மனிதன் கேமராவையும் கத்திரியையும் கையில் வைத்துக்கொண்டு குறைந்த பணத்தில் ஒரு கலைப்படைப்பை உருவாக்க முடியும் என்பதற்கு இலங்கை மண்ணிலேயே கிடைத்த முதல் சான்று அது.

பின்னர் இலங்கை அரசாங்கத் திரைப்படப் பிரிவுக்கு ரால்ஃப் கீன் என்ற பிரிட்டிஷ் ஆவணப்பட இயக்குநர் வந்தார். லண்டனில் பத்திரிகையாளராக இருந்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸை ஊருக்குத் திரும்ப அழைத்தவர் அவர். பீரிஸ் பின்னர் அந்த அரச வேலையை விட்டு வெளியேறியபோது தனியாகப் போகவில்லை. ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும் எடிட்டர் டைட்டஸ் டி சில்வாவும் கூடவே போனார்கள். மூவரும் சேர்ந்து உருவாக்கியதுதான் 'ரேகாவ' (1956). ஸ்டூடியோச் செட்டுகளுக்குள் அடைந்து கிடந்த சிங்கள சினிமாவை வெளியே வயலுக்கும் ஆற்றங்கரைக்கும் கொண்டுவந்த படம். டைட்டஸ் பின்னாளில் தொட்டவத்த என்ற பெயரில் இயக்குநராகவும் புகழ் பெற்றார். அடுத்து வந்தவர் சுமித்ரா பீரிஸ். 1950களின் பிற்பகுதியில் லண்டன் ஸ்கூல் ஆஃப் ஃபிலிம் டெக்னிக்கில் பயின்றுவிட்டு நாடு திரும்பி 'கம்பெரலிய' போன்ற படங்களைத் தொகுத்தார். அந்தப் படம் 1965இல் டெல்லித் திரைப்பட விழாவில் தங்க மயில் விருது வாங்கியது. பிறகு 'கெஹெனு லமாய்' (1978) மூலம் தானும் இயக்குநரானார். சுதந்திர சினிமாவில் ஓர் எடிட்டர் எப்படி வளர்கிறார் என்று அறிய விரும்பும் தமிழ் மாணவர்கள் சுமித்ராவின் வாழ்க்கையை அவசியம் படிக்க வேண்டும். அவர் 2023 ஜனவரியில் காலமானார்.

இந்த வட்டத்தோடு பாலு மகேந்திராவுக்கு நேரடித் தொழில் உறவு இருந்தது என்று நான் சொல்லவரவில்லை. லண்டன் பல்கலைக்கழகத்தின் அறிவியல் பட்டம் பெற்று, நில அளவைத் திணைக்களத்தில் வரைவாளராக வேலை செய்துகொண்டு, இலங்கை வானொலி நாடகங்களில் நடித்துக்கொண்டு, 'தேனருவி' என்ற இலக்கிய இதழை நடத்திக்கொண்டிருந்தார் அவர். சிங்கள நாடகக் குழுக்களோடு பழக்கம் இருந்தது. அந்த ஆண்டுகளை வாழ்க்கை வரலாறுகள் அவசரமாகத் தாண்டிவிடுகின்றன. எனக்கு அவை முக்கியமாகப் படுகின்றன. இதழ் நடத்துகிறவனுக்குத் தாளில் இடம் குறைவு என்பது தெரியும். வரைவாளனுக்கு அளவு தெரியும். வானொலி நடிகனுக்கு மௌனம் எத்தனை நொடி நீளலாம் என்பது தெரியும். எடிட்டருக்கு வேண்டிய மூன்று பயிற்சிகளும் சினிமாவுக்கு வெளியிலிருந்தே அவருக்குக் கிடைத்துவிட்டன.

1966இல் புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனார். வேறு பிரிவுகளில் இடம் கிடைக்காததால்தான் ஒளிப்பதிவில் சேர்ந்தார். 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். அந்தப் புனேயில் அவருக்குக் கிடைத்த மிகப் பெரிய கொடை வகுப்பறைக்கு வெளியே இருந்தது. இந்திய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964இல் அதே நகரத்தில் தொடங்கப்பட்டிருந்தது. அங்கே பணியாற்றிய பி.கே. நாயர் உலகெங்குமிருந்து படப்பெட்டிகளைச் சேகரித்துக் கொண்டுவந்து மாணவர்களுக்குக் காட்டிக்கொண்டிருந்தார். த்ரூஃபோ, கோதார் படங்களைப் பாலு மகேந்திரா பார்த்தது புனேயில். ஒரு காப்பகம் இருந்ததால் உருவான கலைஞர் அவர். இதை வாசகர் நினைவில் வைத்திருக்க வேண்டும்.

அதன் பிறகு மலையாளத்தில் ராமு காரியாட்டின் 'நெல்லு' (1974), தமிழில் இயக்குநர் மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978), தெலுங்கில் கே. விஸ்வநாத்தின் 'சங்கராபரணம்' என்று அவர் கேமராவுக்கான புகழ் பரவியது. கன்னடத்தில் 'கோகிலா'வை இயக்கினார், தமிழில் 'அழியாத கோலங்கள்' (1979), 'மூடுபனி' (1980), 'மூன்றாம் பிறை' என்று தொடர்ந்தார்.

'மூன்றாம் பிறை'யைத் தொகுத்தவர் டி. வாசு. 'முள்ளும் மலரும்' படத்தையும் அவரே தொகுத்தார். பாலு மகேந்திராவின் முதல் கட்டத்தைப் பேசும்போது வாசுவின் பெயரை மறப்பது அநியாயம். மலைரயில் நிலையத்தில் மழையோடு நடக்கும் அந்த இறுதிக் காட்சியை மறுபடி பார்க்கும்போது நடிப்பை ஒரு கணம் ஒதுக்கி வைத்துவிட்டு வெட்டுகளை மட்டும் கவனியுங்கள். சேற்றில் விழுந்து எழுந்து நொண்டி ஓடும் நாயகன் சீனு ஒரு பக்கம், ரயிலின் உள்ளே உலர்ந்து, எதுவும் நினைவில்லாமல் அமர்ந்திருக்கும் நாயகி ஒரு பக்கம். அவன் பதைப்பு கூடக் கூட அவள் முகத்தில் ஏதும் மாறுவதில்லை. அவளுடைய ஒவ்வொரு குளோசப்பும் அவனுடைய அடுத்த முயற்சியைத் தோற்கடிக்கிறது. கமல்ஹாசனின் உடல் செய்வதில் பாதியை அந்த மாற்றி மாற்றி வரும் துண்டுகளே செய்கின்றன. படிக்கும் மாணவர்களுக்கு நடிப்பும் தொகுப்பும் ஒன்றையொன்று தாங்கும் இடத்துக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு தமிழில் கிடைப்பது கடினம்.

அந்த நாட்களில் சென்னையில் தொகுப்பு என்பது கையால் செய்யும் வேலை. 35 மி.மீ. பிலிமில் அடிக்குப் பதினாறு பிரேம். நொடிக்கு இருபத்துநான்கு பிரேம் ஓடுவதால் நிமிடத்துக்கு 90 அடி. ஆயிரம் அடிச் சுருள் பதினோரு நிமிடத்தில் முடிந்துவிடும். நெகட்டிவிலிருந்து ரஷ் பிரிண்ட் போட்டு, மூவியோலாவில் ஓட்டிப் பார்த்து, மெழுகுப் பென்சிலால் குறியிட்டு, வெட்டி, ஒட்டி, மறுபடி ஓட்டிப் பார்ப்பார்கள். நீக்கிய துண்டுகள் கம்பியில் தொங்கும். எல்லாம் முடிவான பிறகு விளிம்பு எண்களைப் பார்த்து நெகட்டிவை வெட்டுவார்கள். அங்கே தவறினால் திருத்த வழியில்லை. 'மகாநதி' (1994) ஆவிட் கணினியில் தொகுக்கப்படும் வரை இந்தியாவில் இதுதான் நடைமுறை. இந்த முறையில் எடுத்த ஒவ்வோர் அடிக்கும் விலை உண்டு. நட்சத்திரங்களும் பாட்டுகளும் இல்லாத படத்துக்குக் கிடைக்கும் பணத்தில் பிலிம் சுருள் வாங்குவதே பெரிய செலவு. ஆகவே படப்பிடிப்பில் கேமராவைப் பிடிக்கும்போதே இந்த ஷாட் எங்கே தொடங்கி எங்கே முடியும் என்று தெரிந்தவன்தான் அப்படிப்பட்ட படத்தை எடுத்து முடிக்க முடியும். ஒளிப்பதிவாளரும் எடிட்டரும் ஒரே ஆளாக இருந்தால் வீணாகும் பிலிம் குறையும். பாலு மகேந்திரா தொகுப்பைத் தன் கையில் எடுத்துக்கொண்டதற்குக் கலைக் காரணத்தோடு இந்தப் பொருளாதாரமும் சேர்ந்திருக்க வேண்டும் என்றே நான் கருதுகிறேன்.

'வீடு' 1988இல் வெளியானது. சிறந்த தமிழ்ப் படத்துக்கும், அர்ச்சனாவின் நடிப்புக்கும் தேசிய விருதுகள் கிடைத்தன. வாடகை வீட்டைக் காலி செய்ய வேண்டிய நிலையில் ஒரு நடுத்தர வர்க்கப் பெண், தாத்தாவுக்குச் சொந்தமான நிலத்தில் சின்னதாக ஒரு வீடு கட்டத் தொடங்குகிறாள். கடன், அனுமதி, லஞ்சம், சிமெண்ட் திருட்டு, நின்றுபோகும் வேலை. கடைசியில் அந்த நிலமே குடிநீர் வாரியத்துக்காகக் கையகப்படுத்தப்பட்டது என்ற செய்தி. தன் சிறு வயதில் தன் தாய் வீடு கட்டிய அனுபவமே இந்தப் படத்தின் விதை என்று பாலு மகேந்திரா சொல்லியிருக்கிறார். மட்டக்களப்பில் முளைத்த விதை சென்னை மண்ணில் படமானது.

இதில் பாட்டுக் கிடையாது. பின்னணிக்கு இளையராஜா 1986இல் வெளியிட்ட 'ஹவ் டு நேம் இட்' இசைத்தொகுப்பை எடுத்துக்கொண்டார்கள். படத்துக்கென்று இசையமைக்காமல் ஏற்கெனவே முடிந்துவிட்ட இசைக்குப் படத்தைப் பொருத்துவது எடிட்டருக்கு வரும் சோதனை. இசை தனக்கென்று ஒரு நடையை வைத்திருக்கிறது, படத்துக்கு இன்னொரு நடை இருக்கிறது. இரண்டும் சண்டையிடாமல் நடந்தாக வேண்டும்.

அந்தச் சோதனையில் பாலு மகேந்திரா வென்ற இடம் தாத்தா வீட்டைப் பார்க்கப் போகும் காட்சி. சொக்கலிங்க பாகவதர் என்ற பழைய நாடகக் கலைஞர் தாத்தாவாக நடித்தார். எழுந்து நிற்கும் சுவர்களை ஒருமுறை கண்ணால் பார்த்துவிட வேண்டும் என்ற ஆசையில் முதியவர் தனியாகக் குடையோடு கிளம்புகிறார். வசனம் இல்லை. பேருந்து, நடை, வெயில். முடிவடையாத கட்டடத்துக்குள் நுழைகிறார். சுவரைத் தொட்டுப் பார்க்கிறார். அறை அறையாகப் போகிறார். வேறு எந்த எடிட்டராக இருந்தாலும் இந்தப் பயணத்தை நான்கு ஷாட்டுகளில் முடித்து, கட்டடத்தைப் பார்த்துப் பூரிக்கும் முகத்தில் நிறுத்தியிருப்பார். கதைக்கு அதுவே போதும். பாலு மகேந்திரா நடையை நடையாகவே விட்டார். முதிய கால்கள் ஒரு தூரத்தைக் கடக்க எவ்வளவு நேரமாகுமோ அந்த நேரத்தின் சாயலைத் திரையில் வைத்திருந்தார். அதனால் அந்தச் சுவரை அவர் தொடும்போது அது பார்ப்பவரின் கைக்கும் எட்டுகிறது. திரும்பும் வழியில் அவர் விழுந்து இறக்கும்போது அந்த மரணத்தை முன்கூட்டி அறிவிக்கும் வெட்டு எதுவும் இல்லை. அதுவரை படம் எந்த வேகத்தில் நடந்ததோ அதே வேகத்தில் மரணமும் வருகிறது.

'பைசிக்கிள் தீவ்ஸ்' வழி என்று முன்னால் சொன்னது இதைத்தான். ஆனால் பாலு மகேந்திராவிடம் ஐசன்ஸ்டைன் முற்றாக மறைந்துவிடவில்லை. அலுவலகங்களில் கோப்பும் கையும் மேசையும் மாறி மாறி வரும் காட்சிகளில் துண்டுகள் கூர்மையாகின்றன. அரசாங்கம் வரும் இடத்தில் வெட்டு வேகமாகவும், மனிதர்கள் வாழும் இடத்தில் மெதுவாகவும் போகிறது. இந்த வேறுபாட்டைத் திட்டமிட்டுச் செய்தாரா, கை அப்படிப் போயிற்றா என்பதைவிட, படம் முழுவதும் அது குலையாமல் நிற்கிறது என்பதே முக்கியம்.

அடுத்த ஆண்டு 'சந்தியா ராகம்'. மறுபடியும் சொக்கலிங்க பாகவதர், அர்ச்சனா, கூட ஓவியர் வீர சந்தானம். கிராமத்திலிருந்து பட்டணத்து உறவினர் வீட்டுக்கு வரும் முதியவர் கடைசியில் முதியோர் இல்லம் போய்ச் சேர்கிறார். தான் எடுத்தவற்றில் மிகக் குறைந்த தவறுகளோடு அமைந்தவை 'வீடு', 'சந்தியா ராகம்' என்ற இரண்டுமே என்று பாலு மகேந்திரா தன் வாழ்நாள் முழுவதும் சொல்லிவந்தார். அந்த இரண்டையும் அவரே தொகுத்தார் என்பதை அந்தக் கூற்றோடு சேர்த்து வாசிக்க வேண்டும்.

மெதுவாகத் தொகுக்கத்தான் அவருக்குத் தெரியும் என்று நினைப்பவர்கள் 'சதி லீலாவதி'யைப் (1995) பார்க்கலாம். கோவை சரளா ஒரு வசனத்தைச் சொல்லி முடித்ததும் கமல்ஹாசனின் முகத்துக்குப் போகும் வெட்டு இரண்டு மூன்று பிரேம் தாமதித்தால்கூடச் சிரிப்பு செத்துவிடும். அங்கே ஒரு பிரேமும் தளரவில்லை. நகைச்சுவையைத் தொகுப்பது சோகத்தைத் தொகுப்பதைவிடக் கடினம். தமிழ் விமர்சனம் இதற்கு உரிய மதிப்பைக் கொடுத்ததில்லை.

2000ஆம் ஆண்டையொட்டிச் சன் தொலைக்காட்சிக்காக அவர் செய்த 'கதை நேரம்' தொடருக்குத் தனியே ஓர் ஆய்வு தேவை. ஐம்பத்திரண்டு தமிழ்ச் சிறுகதைகள் குறும்படங்களாயின. மாலனின் 'தப்புக் கணக்கு' போன்ற கதைகள் அதில் வந்தன. வாரம் ஒரு கதை, ஒவ்வொன்றும் அரை மணி நேரத்துக்குள். செய்திப் படம் தொகுத்த லீனைப் போன்ற அவசரப் பயிற்சி. எழுத்தில் ஒரு பத்தி சொல்வதைத் திரையில் எத்தனை ஷாட் சொல்லும் என்ற கணக்கை வாரந்தோறும் போட்டார். அந்தத் தொடரில் உதவியாளராக இருந்தவர்தான் வெற்றிமாறன். கதைகளைப் படித்துச் சுருக்கம் எழுதித் தரும் வேலை அவருக்கு இருந்தது. பாலா, ராம், சீனு ராமசாமி, நா. முத்துக்குமார் என்று அவர் பட்டறையில் பழகியவர்களின் வரிசை நீளமானது. 2007இல் 'சினிமா பட்டறை' என்ற பெயரிலேயே சென்னையில் பள்ளி தொடங்கினார்.

தன் படத்தைத் தானே தொகுப்பதில் இழப்பும் உண்டு. பிற்காலப் படங்கள் சிலவற்றில், குறிப்பாக 'அது ஒரு கனாக்காலம்' (2005) படத்தில், காட்சிகள் தம் வேலை முடிந்த பிறகும் நிற்கின்றன. தனக்குப் பிரியமான ஷாட்டை நீக்கச் சொல்ல அறைக்குள் வேறு ஆள் இல்லை என்பது தெரிகிறது. லீன் தன் பெரும் படங்களுக்குக் கோட்ஸையும் டெய்லரையும் பக்கத்தில் வைத்துக்கொண்டதன் பயன் இங்கேதான் விளங்குகிறது. 'மூன்றாம் பிறை'யில் வாசு இருந்தார். பிற்காலத்தில் அப்படி ஒருவர் இருந்திருந்தால் அந்தப் படங்கள் இன்னும் இறுக்கமாக வந்திருக்கும் என்று நான் உறுதியாக நம்புகிறேன். ஆயினும் 'வீடு' படத்தை இன்னொருவர் தொகுத்திருந்தால் தாத்தாவின் நடை குறுகியிருக்கும். இரண்டில் எது வேண்டும் என்றால் நான் 'வீடு' படத்தையே தேர்ந்தெடுப்பேன்.

'தலைமுறைகள்' (2013) கடைசிப் படம். எம். சசிகுமார் தயாரிக்க, டிஜிட்டல் கேமராவில் எடுத்து, தாத்தாவாகத் தானே நடித்து, தானே தொகுத்தார். தமிழ் தெரியாமல் வரும் பேரனுக்கும் ஊரைவிட்டு நகராத தாத்தாவுக்கும் இடையிலான உறவே கதை. தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது அதற்குக் கிடைத்தது. 2014 பிப்ரவரி 13 அன்று அவர் சென்னையில் காலமானார்.

அவருடைய கதைப்படம் எதுவும் மட்டக்களப்பில் நடக்கவில்லை. 'அழியாத கோலங்கள்' படத்தின் சிறுவர்களில் தன் பிள்ளைப்பருவம் இருப்பதாக அவர் சொன்னார். ஆனால் அந்த ஆறும் தோப்பும் மட்டக்களப்பில் எடுக்கப்பட்டவை அல்ல. 1966இல் புறப்பட்டவர் திரும்பி வந்து வாவிக்கரையில் ஒரு கேமராவை நிறுத்தும் நிலை 1983இல் உள்நாட்டுப் போர் தொடங்கிய பிறகு இல்லை. போர் முடிந்தபோது அவருக்கு எழுபது வயது நெருங்கியிருந்தது. இதற்காக அவரைக் குறை சொல்பவர்களும் இருக்கிறார்கள். நான் அவர்களோடு சேரமாட்டேன். மட்டக்களப்பின் மண் அவர் படங்களில் இல்லாவிட்டாலும் தாயின் வீடாகவும் பிள்ளைப்பருவமாகவும் ஊர் அங்கே இருக்கிறது.

என்னை அதிகம் வருத்துவது வேறு. 'வீடு', 'சந்தியா ராகம்' உள்ளிட்ட தன் படங்களின் மூல நெகட்டிவ்கள் இப்போது இல்லை என்று பாலு மகேந்திரா தன் கடைசி ஆண்டுகளில் வெளிப்படையாகச் சொன்னார். தமிழ் சினிமாவுக்கு ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். பிலிமின் அசிடேட் அடித்தளம் வெப்பத்திலும் ஈரத்திலும் சிதையும். காடி நாற்றம் வரத் தொடங்கினால் சுருள் சுருங்கி ஒட்டிக்கொள்ளும், பிறகு எதுவும் செய்ய முடியாது. குளிரூட்டி, ஈரம் குறைத்து வைத்தால் பல பத்தாண்டுகள் நிற்கும். சென்னையின் சாதாரண அறையில் அது நிற்காது. நெகட்டிவ் இல்லாத படத்துக்கு எஞ்சுவது எங்கோ கிடக்கும் ஒரு திரையரங்குப் பிரதி, அல்லது தொலைக்காட்சிக்காக எடுத்த மங்கிய நாடா. தாத்தாவின் நடையை இன்று இளைஞர்கள் பார்ப்பது அந்த மங்கலில்தான். புனேயின் காப்பகத்தில் உலக சினிமாவைக் கற்ற ஒருவரின் படங்களுக்கு இந்தக் கதி வந்தது.

மீட்க வழி இருக்கிறது. சுமித்ரா பீரிஸின் 'கெஹெனு லமாய்' மும்பையின் ஃபிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷனால் புதுப்பிக்கப்பட்டு 2025இல் கான் விழாவின் செவ்வியல் பிரிவில் காட்டப்பட்டது. இலங்கைப் படத்துக்கு இந்தியாவில் உயிர் கொடுக்க முடிகிறது என்றால், இலங்கையில் பிறந்தவர் இந்தியாவில் எடுத்த படத்துக்கு ஏன் முடியாது? தேசிய விருது பெற்ற படங்களின் பிரதிகளைப் புனேயில் தேட வேண்டும். வெளிநாட்டு விழாக்களுக்கும் தூதரகங்களுக்கும் போன பிரதிகளின் தடத்தைத் தேட வேண்டும். கிடைக்கும் பிரதிகளில் ஆகச் சிறந்ததை எடுத்து டிஜிட்டலில் புதுப்பிக்க வேண்டும். இதில் தமிழ்நாடு அரசுக்குப் பொறுப்பு உண்டு, புலம்பெயர்ந்த தமிழ் அமைப்புகளுக்கும் உண்டு.

மட்டக்களப்பிலும் செய்ய வேண்டியது இருக்கிறது. கல்லடியில் சுவாமி விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகம் இருக்கிறது, வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கிறது. அவர் படங்களை ஒளிப்பதிவுக்காகப் பாராட்டுவதோடு நிறுத்தாமல், 'வீடு' படத்தைக் காட்சி காட்சியாக எடுத்து, ஒவ்வொரு வெட்டையும் எண்ணி, ஏன் அங்கே வெட்டினார் என்று மாணவர்கள் விவாதிக்கும் ஒரு பாடத்தை அவை தொடங்கட்டும். அவரோடு படித்தவர்கள், 'தேனருவி'யில் எழுதியவர்கள், வானொலியில் உடன் நடித்தவர்கள் யாராவது இன்னும் இருந்தால் அவர்களுடைய நினைவுகளை இப்போதே ஒலிப்பதிவு செய்யுங்கள். 'தேனருவி' இதழ்களோ, ஏதாவதொரு பாலு மகேந்திரா படத்தின் பழைய பிலிம் பெட்டியோ உங்கள் வீட்டில் இருந்தால் அதை வெயிலிலும் ஈரத்திலும் விடாமல் எடுத்து, அருகிலுள்ள நூலகத்துக்கோ பல்கலைக்கழகத்துக்கோ தகவல் சொல்லுங்கள்.